நேரில் கேட்கப்பட்டது

கொழிஞ்சாம்பாறையில் மயிலாத்தாள் பஸ் ஏறுவதற்கு
முந்தின நாளே
அவளை நேரில் கேட்டு முடித்திருந்தோம்,
சித்தூர் தாலுக்கா சப்ளை ஆபீசில்.
தட்டச்சு செய்தவன் நான்.
'உரிமதாரர் நேரில் கேட்கப்பட்டார்.
விளக்கம் திருப்திகரமாக இல்லை.'
தேதிக்கு மட்டும் இடம் விட்டிருந்தேன்,
சாப்பிட்டாயிற்று என்று எழுதிவிட்டு
இலையைப் போட்டு வைத்ததுபோல.

ரேஷன் கடை எண் நாற்பத்தேழு.
புழுங்கலரிசி பன்னிரண்டு மூட்டை குறைவு.
நோட்டீஸ் மலையாளத்தில் போனது.
மருந்துக்கடைப் பையன் வாசித்துக் காட்டினானாம்,
'ஹாஜராகணும்' வரைக்கும்.
அப்புறம் கடைக்கு ஆள் வந்துவிட்டதாம்.
தமிழிலும் தரலாம் என்றொரு சுற்றறிக்கை
எங்கள் பச்சை அலமாரியில் இருக்கிறது.
சாவிதான் யாரிடம் என்று தெரியாது.

பதினான்காம் தேதி, மூன்றரை மணி.
பிரேமராஜன் சாருக்கு நாலு பத்துக்கு பஸ்.
கெட்டவர் இல்லை;
கடைநிலை ஊழியர் வீட்டுக் கல்யாணத்துக்கும்
குடும்பத்தோடு போய் வருபவர்.
'சோதிக்கு' என்றார் என்னிடம்.
அவர் மொழியில் அது வினவச் சொல்வது.
அவள் முகம் பரீட்சைக்கு நின்றதுபோல் ஆனது.

சொன்னாள்:
ஆடி மழைல பின்சுவரு இடிஞ்சு போச்சுங்க,
ராத்திரி பதினோரு மணிக்கு
நானும் சுமைக்கார சவரியும்
மூட்டையெல்லாம் மாதா கோயில் வேதபாட ரூமுக்கு
மாத்திப் போட்டமுங்க.
விடிஞ்சா சாவிக்காரரு, மகளுக்குப் பேறுகாலம்னு
கோயமுத்தூரு போயிட்டாரு.
அன்னைக்குப் பாத்து இன்ஸ்பெக்டரு வந்தாருங்க.
கதவுச் சந்துல டார்ச்சடிச்சுப் பாருங்க சாமின்னேன்,
நேரமில்லைன்னுட்டாரு.

நான் மொழிபெயர்த்தேன்:
'மூட்டையை வேறிடத்தில் வைத்தாளாம்.'

'அப்போ சம்மதிச்சல்லோ' என்று
பேனாவை மூடினார் சார்.

வெளியே வராந்தாவில் என்னைப் பிடித்துக்கொண்டாள்.
'அய்யா கேட்டாருங்களா?'

மலையாளத்தில் கேட்பது காதின் வேலை, அவ்வளவுதான்.
நம் சொல் வாய்க்கும் காதுக்கும் பொது.
ஒன்றைச் செய்துவிட்டு
இரண்டையும் செய்ததாக எழுதிக்கொள்ளலாம்.
'கேட்டாரு' என்றேன்.

மாலையில் அந்தக் காலி இடத்துக்கு வந்தேன்.
பதினான்கு என்று போட வேண்டும்.
தட்டச்சு செய்த நாள் பதிமூன்று.
பதிமூன்று என்று போட்டேன்.
தைரியம் என்று யாரும் சொல்லிவிட வேண்டாம்.
கை தவறிவிட்டது என்று பின்னால் சொல்லிக்கொள்ள
இடம் வைத்துச் செய்ததுதான்.
சார் நின்றபடியே கையெழுத்திட்டார்.

பாலக்காட்டில், மேல்முறையீட்டில்,
யாரோ ஒருவர் இரண்டு தாள்களை
அருகருகே வைத்துப் பார்த்திருக்கிறார்.
பதினான்கில் கேட்டவளைப்
பதிமூன்றில் எப்படித் தள்ளினீர்கள்?
மறுபடி விசாரிக்கவும்.

தை மாதம் மறுபடி வந்தாள்,
அதே சேலை, கூடவே சவரி.
'இரிக்கு' என்றார் சார், நாற்காலியைக் காட்டி.
இந்த முறை ஒரு சொல் விடாமல் சொன்னேன்:
இடிந்த சுவர், சாவி, டார்ச்,
சாவிக்காரர் மகளின் பேறுகாலம்.
நாலு பத்து பஸ் ஹாரனடித்துவிட்டுப் போனது.
அவர் எழவில்லை.
'என்ன குழந்தை?' என்றார்.
'பொட்டப்புள்ளைங்க.'
அதையும் மொழிபெயர்த்தேன்.

மூட்டையை மாற்றியதை எழுத்தில் தெரிவிக்காததற்கு
எண்ணூறு ரூபாய் அபராதம். உரிமம் தொடரும்.
முணுமுணுக்காமல் எண்ணி வைத்தாள்.
நன்றி சொல்லவில்லை, எதற்குச் சொல்ல வேண்டும்?
'ரசீது குடுங்க' என்றாள்.

எனக்கு ஒரு மெமோ வந்திருக்கிறது,
தேதிப் பிழைக்கு விளக்கம் கேட்டு.
முழுதும் படித்தேன், கடைசி முத்திரை வரை.
என்னை நேரில் கேட்பது வரும் திங்கள்.
இதற்குள்
தேதிக்கு மட்டும் இடம் விட்ட தாள் ஒன்று
எந்த மேசையிலாவது தயாராக இருக்கும்.